மூன்றாம் கட்டத்து வீரர்கள்

சோவியத் அறிஞர் மத்வேயெவ் 1960களில் பயிற்சி ஆண்டை மூன்றாகப் பிரித்தார்: ஆயத்தம், போட்டி, ஓய்வுக் கட்டம். ஆயத்தத்தில் தூக்கும் எடை குறைவு, எண்ணிக்கை அதிகம். போட்டி நெருங்க நெருங்க எடை ஏறும், எண்ணிக்கை இறங்கும்.

சென்னை அஸ்தினாபுரத்து ஜிம்களில் ஆயத்தம் ஜனவரியில் கனஜோர்: ஆண்டுச் சந்தா, புது ஷூ, புரோட்டீன் டப்பா, கண்ணாடி முன் செல்ஃபி. பொங்கலோடு நேரே ஓய்வுக் கட்டம். சித்திரையில் வெயில், ஆடியில் கூழ், ஐப்பசியில் மழை. போட்டிக் கட்டம்? ராஜேந்திர பிரசாத் சாலையில் பைக் நிறுத்த இடம் பிடிப்பதுதான். இத்தனைக்கும் பீமன் ஊர்ப் பெயர்!

நிஜப் போட்டிக் கட்டம் பார்த்தவரும் உண்டு: வேலூர் பளுதூக்கும் வீரர் சதீஷ் சிவலிங்கம் 2014 கிளாஸ்கோ காமன்வெல்த்தில் 328 கிலோ தூக்கித் தங்கம் வாங்கினார். 2018இல் 317 கிலோ, அப்போதும் தங்கம்.

"பாத்தீங்களாண்ணே, கொறைச்சாலும் தங்கம்தான்" என்கிறார் சந்தா கட்டிய தம்பி, இரண்டாவது போண்டாவைச் சட்னியில் தோய்த்தபடி.