பூச்சமண்ணு

1956 நவம்பர் 1 அன்று விளவங்கோடு தமிழ்நாட்டுக்குப் போனது; நெய்யாற்றின்கரை கேரளத்திலேயே நின்றுவிட்டது. அதனால் நெய்யாற்றின்கரைப் பக்கத்து ஒற்றசேகரமங்கலத்தில் எங்கள் வீட்டில் எல்லாச் சாமானுக்கும் இரண்டு பெயர். திண்ணையில் தமிழ், கடையில் மலையாளம். இரண்டிலும் துழாவிப் பெயர் கிடைக்காத ஒன்று போன வருஷம் வந்து சேர்ந்தது. பத்துக் கிலோ மூட்டை. கொண்டுவந்த பையன் தோளிலிருந்து இறக்கிவிட்டு, "வைட் சிமெண்டா சேட்டா?" என்றான்.

சிமெண்ட் இல்லை, பெர்சியன் பூனை வெளிக்குப் போகிற மண் என்றாள் மகள். பூனையும் அவள் திருவனந்தபுரத்திலிருந்து கொண்டுவந்ததுதான். அம்மை அந்த நிமிஷமே மண்ணுக்குப் 'பூச்சமண்ணு' என்று பேர் வைத்துவிட்டு, "மண்ணையா மக்கா காசு குடுத்து வாங்குதிய?" என்றாள்.

கேள்வி நியாயம்தான். எங்கள் பழைய பூனைகளுக்கு, வீடு கட்டி மிஞ்சிய நெய்யாற்று மணல் முற்றத்தில் குவிந்து கிடந்தது. 2001இல் கேரளத்தில் ஆற்று மணல் அள்ளுவதை ஒழுங்குபடுத்தச் சட்டம் வந்து மணல் அருமையானபிறகு, அந்தக் குவியலைப் பூனைக்கு விட எங்களுக்கு மனசு வரவில்லை. அமெரிக்காவில் மிச்சிகன் மாநிலத்திலும் இதே கதை நடந்திருக்கிறது. 1947 குளிர்காலத்தில் ஒரு அம்மாளின் பூனைக்கான மணல் பனியில் உறைந்துபோக, பக்கத்து வீட்டு எட்வர்ட் லோ என்பவர், தொழிற்சாலைத் தரையில் சிந்தும் எண்ணெயை உறிஞ்ச விற்றுக்கொண்டிருந்த களிமண்ணைக் கொடுத்துப் பார்த்தார். அது பிடித்துப்போக, ஐந்து பவுண்டுப் பை 65 சென்ட் என்று கடை விரித்தார். அங்கே மணல் பனியில் உறைந்தது, இங்கே சட்டத்தில்.

பெர்சியன் பூனைக்குக் கால்விரல் இடுக்கெல்லாம் முடி. பெட்டியை விட்டு இறங்கும்போது நாலு காலிலும் மண்ணை அள்ளிக்கொண்டுதான் இறங்கும். பாறசாலையில் ஒரு கல்யாணம். பாலராமபுரம் கைத்தறி வேட்டியைக் கஞ்சி போட்டுத் தேய்த்து நாற்காலியில் வைத்திருந்தேன். தமிழ்ப் பக்கத்திலிருந்து போன சாலியர்கள் வளர்த்த நெசவு. கரையைத் தொட்டாலே கொஞ்சம் கௌரவம் ஒட்டும். குளித்துவிட்டு வந்தால், கௌரவத்தின்மேல் பூனை சுருண்டு படுத்திருக்கிறது. விரட்டினேன். வேட்டியில் ஒரு பிடி சாம்பல்நிறக் குருணை.

அழுக்கென்றால் தண்ணீர். ஏழு தலைமுறையாக எங்களுக்குத் தெரிந்தது அவ்வளவுதான். ஈரத் துண்டால் ஒரு இழுப்பு இழுத்தேன். குருணை குழம்பாயிற்று. இன்னும் கொஞ்சம் தண்ணீர் விட்டேன். குழம்பு பசையாகி, கஞ்சியோடு உறவு கொண்டாடி, இழைக்குள்ளே குடியேறிவிட்டது.

கொச்சியில் பாலத்துக்குப் பைலிங் வேலை பார்க்கும் மச்சினன் கல்யாணத்துக்கு வந்திருந்தான். விரலில் தொட்டு உருட்டிப் பார்த்தான். "அத்தான், இது பென்டோனைட்லா! குழி இடியாம இருக்க நாங்க கலக்கி ஊத்துவோம். தண்ணி பட்டா ஊதும். தண்ணி காட்டவே பிடாது." மூட்டையைப் புரட்டிப் பார்த்தோம். குஜராத், கட்ச். மழைக்கு ஏங்கும் சீமையில் பிறந்த மண், எடவப்பாதி மழையும் துலாவர்ஷ மழையும் மாறிமாறி அடிக்கிற ஊருக்கு வந்திருக்கிறது. கண்ட இடத்தில் குடிக்காமல் என்ன செய்யும்?

மருந்து எளிது, பொறுமைதான் இல்லை. உலர்ந்த குருணை என்றால் முற்றத்துக்குக் கொண்டுபோய் உதற வேண்டும், அவ்வளவுதான். நனைத்துத் தொலைத்திருந்தால் தொடாமல் காயவிட வேண்டும். மொறுமொறுவென்று ஆனதும் கசக்கி உதிர்த்து, பழைய டூத் பிரஷ்ஷால் தேய்த்து, வாரியலால் நாலு தட்டுத் தட்டி, அதன்பிறகே தண்ணீர். எடவப்பாதியில் காயவிடுவது எங்கே? மின்விசிறிக்கடியில் வேட்டியை விரித்து, குடும்பமே சுற்றி உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தோம், துஷ்டி வீடு மாதிரி. அதற்கு முந்தின வாரமே மனைவி, சுடிதாரோடு இந்தக் குருணையை வாஷிங் மிஷினில் போட்டிருந்தாள். பிளம்பர் வந்து கழிவுக் குழாயிலிருந்து கொழுக்கட்டை கொழுக்கட்டையாக எடுத்தார். பூரணம் மட்டும்தான் இல்லை.

எனக்கு ஆற்றாமை வேறு. லோ அந்த அம்மாளுக்குக் கொடுத்த களிமண், அந்தக் காலத்தில் கம்பளித் துணியின் எண்ணெய்ப் பிசுக்கை எடுக்கச் சலவைக்காரர்கள் போட்டு மிதித்த மண். நம்மூர்ப் பெண்கள் முகத்தில் பூசுகிற முல்தானி மிட்டியும் அதே வகைதான். பென்டோனைட் அதற்கு ஒன்றுவிட்ட தம்பி. அண்ணன் துணியை வெளுத்தான், தம்பி என் வேட்டியில் கூடுகட்டுகிறான்!

வேறு வேட்டி கட்டிக்கொண்டு போய்ச் சேர்ந்தோம். பந்தியில் உட்கார்ந்தபோது மடிப்பிலிருந்து நாலு குருணை இலையில் விழுந்தன. பக்கத்து இலைப் பெரியவர் பார்த்துவிட்டார். உப்பு என்று சொல்லிவிடலாமா என்று யோசித்தேன்.

"வீட்டுல பூச்சை உண்டு, இல்லியா?" என்றார்.

"உண்டு."

"மிஷின்ல போட்டியளா?"

"போட்டோம்."

"பைப்பு?"

"அடைச்சுது."

அவர் நாற்காலியை என் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டார்.