தேவியிடமே கை வைத்தவன்

கேள்வி: கற்பனை உலகங்களில் நடந்த மந்திர விபத்துகளிலேயே மகா முட்டாள்தனமானது எது?

பதில்: சந்தேகமே இல்லாமல், 'ஃபர்காட்டன் ரெல்ம்ஸ்' உலகத்து மந்திரவாதி கார்சஸ் செய்ததுதான். (எட் கிரீன்வுட் உருவாக்கிய உலகம், 'டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ்' விளையாட்டுக்காக 1987-இல் வெளியானது.) கார்சஸின் நாடான நெதரிலில் மலை உச்சியைச் சீவியெடுத்து, தலைகீழாகக் கவிழ்த்து, அதன்மேல் ஊர் கட்டி வானத்தில் மிதக்கவிடுவார்கள். எல்லாம் மந்திரத்தின் தயவு. எதிரிகளை ஒழிக்கத் தானே கடவுளாகிவிடலாம் என்று 12-ஆம் நிலை மந்திரம் ஒன்றைப் போட்டான் அவன். சரி, எந்தக் கடவுளின் சக்தியைப் பிடுங்குவது? ஏதோ ஒரு போர்க் கடவுளைப் பிடித்திருக்கலாம். ஐயா பிடித்தது, மந்திரத்தையே ஓயாமல் பழுதுபார்த்துக் காப்பாற்றிவந்த மிஸ்ட்ரில் தேவியை! லைன்மேனைக் கட்டிப்போட்டுவிட்டுக் கரண்டுக்குக் காத்திருந்த கதை. பழுதுபார்க்க ஆளில்லாமல் மந்திரம் தறிகெட்டுப்போக, உலகம் பிழைக்கத் தேவி தன்னையே பலிகொடுத்தாள். மந்திரம் நின்றது, மிதந்த ஊர்கள் தொப்பென்று விழுந்தன. கார்சஸ் கல்லானான். மறுபிறப்பெடுத்து வந்த தேவியால் மூன்று ஊர்களைத்தான் தாங்கிப்பிடிக்க முடிந்தது. அப்புறம்தான் 10-ஆம் நிலையிலும் அதற்கு மேலும் உள்ள மந்திரங்களுக்குத் தடை போட்டாள். கொஞ்சம் முன்னாடியே போட்டிருக்கலாம் தாயே!