தடத்துக்கு ஒரு பந்தோபஸ்து

திருப்பூரிலிருந்து ஒரு டி-ஷர்ட்டை ஜெர்மனிக்கு அனுப்புவது சுலபம். அதை எங்கள் கம்பெனியிலிருந்து மெயின் ரோடு வரைக்கும் கொண்டுவருவதுதான் பெரும்பாடு.

மங்கலம் ரோட்டுக்கு உள்ளே தாத்தா காலத்துக் காடு எங்களுடையது. மாமூல் வண்டித்தடத்தில் போக வர எங்களுக்குப் பாத்தியம் உண்டு என்று கிரையப் பத்திரத்தில் இருக்கிறது. அன்றைக்கு அதில் பருத்தி வண்டி போனது. பிறகு டாடா ஏஸில் கட்டிங் பீஸ் மூட்டை போனது. ஒரு ஞாயிற்றுக்கிழமை பெரியப்பா மகன், அதாவது என் அண்ணன், குறுக்கே கல்லுக்கால் நட்டு முள்கம்பி இழுத்துவிட்டார். ஞாயிற்றுக்கிழமைகளில் கோர்ட் லீவு. அண்ணன் விவரமானவர்.

ஸ்டேஷனுக்குப் போனேன். "இது சிவில் மேட்டருங்க, கோர்ட்டுல பாத்துக்கோங்க" என்று ஏட்டய்யா மனு ரசீதை மட்டும் கொடுத்தார். தடம் யாருடையது என்று தீர்ப்புச் சொல்வது போலீஸின் வேலை இல்லைதான். அடிதடியாகி ஊர் அமைதி கெடும் என்றால் ஆர்.டி.ஓ. விசாரிக்கலாம். முன்பு அதற்குக் குற்றவியல் நடைமுறைச் சட்டம் 147. 2024 ஜூலையிலிருந்து பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 166. ஆனால் எங்கள் சண்டை அந்தத் தரத்துக்கு இன்னும் உயரவில்லை. வேலிக்கு மேலாக அண்ணி முருங்கைக்காய் நீட்டிக்கொண்டிருந்தார்.

"நேரா ஹைகோர்ட்டுல ரிட் போட்டு போலீஸைக் கூட்டிட்டு வந்துருங்க" என்று டீக்கடையில் யோசனை வந்தது. எங்கள் வக்கீல் சிரித்தார். கேரளத்தில் ஓர் ஆசிரமத்துக்கு யார் மடாதிபதி என்ற தகராறில் ஒரு சுவாமி இப்படித்தான் போலீஸ் பாதுகாப்பு வாங்கினாராம். உரிமையே சந்தேகத்தில் இருக்கும்போது, பாதுகாப்பு என்ற பெயரில் ரிட் போட்டு அதை முடித்துக்கொள்ள முடியாது என்று 2006-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சாமிக்கே அந்தக் கதி. நான் ஜாப் ஒர்க்காரன்.

ஆகவே முன்சீப் கோர்ட், ஆணை 39, இடைக்காலத் தடை. தடை வந்த வாரம் அண்ணன் கம்பியில் இன்னொரு வரிசை ஏற்றினார். மீறினால் சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம் என்று சட்டத்தில் இருக்கிறது. ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் டிக்ரியை நிறைவேற்ற ஒருவரைச் சிவில் சிறைக்கு அனுப்பினால், அவருடைய சாப்பாட்டுச் செலவை அனுப்புகிறவரே கட்ட வேண்டும் என்றும் வக்கீல் சொல்லிவைத்தார். அண்ணன் சாப்பிடுவதைச் சின்ன வயதிலிருந்து பார்த்தவன் நான். சிறை யோசனையை அன்றோடு விட்டேன்.

தடத்தைப் பார்க்க கோர்ட் நியமித்த அட்வகேட் கமிஷனர் சர்வேயரோடு அளக்க வந்தபோது, அண்ணி தடத்தின் நடுவில் பாய் விரித்து உட்கார்ந்துவிட்டார். மறுபடி மனு. அதன் பேரில் சிவில் நடைமுறைச் சட்டம் 151-இன் கீழ் போலீஸ் உதவிக்கு உத்தரவு கிடைத்தது. அதை எடுத்துக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போனால், விநாயகர் சதுர்த்தி ஊர்வலம் என்றார்கள். அது முடிந்ததும் மந்திரி வருகை. அதற்குப் பிறகு தீபாவளி. போனஸ் வாங்கிய கையோடு பாதித் திருப்பூர் ஊருக்குக் கிளம்பும். பஸ் ஸ்டாண்டுக்கே போலீஸ் போதாது. யாரும் பொய் சொல்லவில்லை. ஆளாளுக்குச் சொன்ன காரணம் சரியாகவே இருந்ததுதான் எரிச்சல்.

கட்டணமும் கட்டி, கடைசியில் ஒரு எஸ்.ஐ.யும் இரண்டு பெண் போலீஸும் வந்து இறங்கினார்கள். ஜீப்பைப் பார்த்ததும் அண்ணி பாயைச் சுருட்டிக்கொண்டு உள்ளே போனார். போனவர் டீயோடு திரும்பினார். என் பணத்தில் வந்த போலீஸ், அவர் டீயைக் குடித்துக்கொண்டே எனக்குப் பாதுகாப்புக் கொடுத்தது. சர்வேயர் புல வரைபடத்தைப் பிரித்து அளந்தார். தடம் இருந்தது. அண்ணனின் கல்லுக்கால்கள் அதற்குள்ளேயே நின்றன. கமிஷனர் எழுதிக்கொண்டார். அறிக்கை, ஆட்சேபணை, வாய்தா எல்லாம் இனிமேல்தான்.

இரண்டு வீடும் பனியன் கம்பெனி என்று தெரிந்ததும், ஜீப்பில் ஏறப்போன எஸ்.ஐ. திரும்பினார். "எக்ஸ்போர்ட் ரிஜெக்ட் ஏதாச்சும் இருக்குதுங்களா? காசு கொடுத்துர்றேன். எக்ஸ்எல்."

"நம்மகிட்ட இருக்குதுங்க சார்" என்று அண்ணன் முந்திக்கொண்டார். அந்த சீசனில் எங்கள் டேபிளில் ஓடியது முழுக்கக் குழந்தைகள் சைஸ்.