குதிரைக் கவசம் வாங்கின கணக்கு

விளையாடு கண்ணு, நல்லா விளையாடு. வேண்டாம்னு ஆரு சொன்னா? உங்கம்மா சொல்லுவா, அவளுக்கு வேற சோலி இல்லை. நான் உன்ற அப்பிச்சி, நான் எதுக்குக் குறுக்க வரோணும்? எனக்குத் தெரிய வேண்டியது ஒரே ஒரு எண்ணு. இந்தக் கேம் கணக்கைத் தொறந்த நாள்ல இருந்து இன்னிக்கு வரைக்கும் மொத்தமா எவ்வளவு போட்டிருக்கறே?

"அது ஓசி கேம் அப்பிச்சி"ங்கறே. சரி, ஓசிதான். ஓசிக்கு எதுக்கு அப்புனு உங்கப்பன் கார்டு நெம்பரு?

"என்னமோ கொஞ்சம் போட்டிருப்பேன்"ங்கறே. நான் பால் சொசைட்டியில கணக்கு எழுதினவன். "கொஞ்சம்"னு ஒரு எண்ணை எந்தப் பேரேட்டுலயும் ஏத்தினதில்லை. 270 ரூவாயா, 27,000 ரூவாயா? முழிக்காத. உனக்குத்தான் தெரியாது, கம்பெனிக்காரனுக்கு நாள், மணி, நிமிசத்தோட தெரியும். எல்லாம் எழுதி வெச்சிருக்கறான். என்ன, அவனாக் கொண்டாந்து உன்ற மூஞ்சிக்கு முன்னால நீட்டமாட்டான். நீயாப் போய்க் கேக்கோணும். வா, கேக்கற வழியை இந்தக் கெழவன் சொல்றேன்.

கம்ப்யூட்டர்ல ஸ்டீம்னு ஒண்ணு வெச்சிருக்கறே பாரு, 2003-ல வால்வ்ங்கற அமெரிக்கக் கம்பெனி ஆரம்பிச்சது, அதுலயே தொடங்கலாம். மேல வலது பக்கம் உன்ற பேரு இருக்கும். அதை அமுக்கினா 'அக்கவுண்ட் டீடெயில்ஸ்'. அதுக்குள்ள 'பர்ச்சேஸ் ஹிஸ்டரி'. தேதி, சாமான், எந்த வழியாப் பணம் குடுத்தே, எவ்வளவு குடுத்தே, அத்தனையும் வரிவரியா நிக்கும். கீழ தள்ளத் தள்ள வந்துட்டே இருக்கும். பாதியில கையை எடுத்துப்போடாத, நல்லதெல்லாம் அடியிலதான் கெடக்கும். ஆனா அடி வரைக்கும் போனாலும் ஒண்ணு மட்டும் இருக்காது. மொத்தம்.

இத்தனை பெரிய கம்பெனிக்குக் கூட்டத் தெரியாதா? தெரியும் கண்ணு. கூட்டி வேற அறையில வெச்சிருக்கறான். ஸ்டீம் சப்போர்ட்டுல உன்ற கணக்கைப் பத்தின தகவல் எல்லாம் அடுக்கி வெச்ச இடத்துல, 'எக்ஸ்டெர்னல் ஃபண்ட்ஸ் யூஸ்டு'ன்னு ஒரு பக்கம் கெடக்குது. அங்க 'டோட்டல் ஸ்பெண்ட்'னு ஒரு எண்ணு. வெளியில இருந்து நீ கொண்டுபோய்க் கொட்டின நெசக்காசு அதுதான். டாலர்ல இருக்கும். பாத்த ஒடனே "அட, இவ்வளவுதானா"ன்னு நெஞ்சை நீவிக்காத. ரூவாய்க்குப் பெருக்கிப்போட்டு அப்பறம் நீவு.

அந்த எண்ணை அவன் உன்ற நல்லதுக்காக எண்ணலை. 2015 ஏப்ரல்ல ஒரு விதி போட்டான். கடையில 5 டாலர்கூடச் செலவழிக்காத கணக்குக்கு, நண்பனாச் சேத்துக்கோன்னு இன்னொருத்தருக்கு ஓலை அனுப்ப உரிமை இல்லை. போலிக் கணக்குக்காரங்க தொல்லை தாங்காமப் போட்டதுதான். அதுக்காவ ஒவ்வொருத்தனும் எவ்வளவு செலவழிச்சான்னு பாக்கோணுமில்ல? அதனாலதான் அதே பக்கத்துல 'ஓல்ட் ஸ்பெண்ட்'னு ஒண்ணு தனியா நிக்குது, 2015 ஏப்ரல் 17-க்கு முந்தின செலவு. நீ 5 டாலரைத் தாண்டினவனா, தாண்டாதவனான்னு நான் கேக்கலை. உனக்கு இருக்கற சிநேகிதங்களைப் பாத்தாலே தெரியுது.

இப்ப அந்த வரியெல்லாம் ஒருக்கா நிதானமாப் படி. ஜூன், ஜூலையில ஒரு கொத்து, டிசம்பர்ல ஒரு கொத்து இருக்குமே? சம்மர் சேல், விண்டர் சேல். 75 சதம் தள்ளுபடி, 90 சதம் தள்ளுபடி. "900 ரூவா கேமை 90 ரூவாய்க்கு வாங்கினேன் அப்பிச்சி, 810 ரூவா மிச்சம்"னு போன வருசம் குதிச்சயே, அந்த 810 ரூவாயை எந்தப் பேங்குல போட்டு வெச்சிருக்கறே கண்ணு? எனக்கு ஒரு கைமாத்து வேணும்.

இன்னொரு வேலை இருக்குது, இதை மட்டும் ஆருமில்லாத நேரத்துல பண்ணு. 'லைப்ரரி'ன்னு இருக்குதல்ல, அதுல ஒவ்வொரு கேமுக்கும் எத்தனை மணி நேரம் விளையாண்டேன்னு போட்டிருக்கறான். ஒரு வெள்ளைத்தாளை எடுத்து, இடது பக்கம் விலை, வலது பக்கம் மணி எழுது. 40 ரூவாய்க்கு வாங்கி 300 மணி விளையாண்டது ஒண்ணு ரெண்டு இருக்கும், அதுக்கு நானே சபாஷ் சொல்லுவேன். 2,000 ரூவா குடுத்துப் பொழுது போற வரைக்கும் விளையாண்டாக்கூடக் குத்தமில்லை, சினிமாக் கொட்டாயில பாப்கார்னுக்கே என்ன வாங்கறான்னு எனக்கும் தெரியும். நான் சொல்றது வலது பக்கத்துல சைபர் நிக்கற வரிங்களை. வாங்கிப்போட்டுத் தொறந்துகூடப் பாக்கலை. அதையெல்லாம் மட்டும் தனியாக் கூட்டு. நான் அக்கட்டாலத் திரும்பிக்கறேன்.

சட்டுனு பாத்திருந்தீன்னா திருப்பிக்கூட வாங்கியிருக்கலாம். வாங்கி 14 நாளுக்குள்ள, 2 மணி நேரத்துக்கும் கொறைவா விளையாண்டிருந்தா ஸ்டீம்காரன் மறுபேச்சில்லாமப் பணத்தைத் திருப்பித் தந்துடுவான். நீ கணக்கை வருசத்துக்கு ஒருக்காப் பாத்தா அந்த 14 நாளு உனக்காவ வேலியோரத்துல காத்துட்டு நிக்குமா? போன்ல வாங்கினதுக்குக் கெடு இன்னும் நெருக்கம். கூகுள் பிளேயில 48 மணிக்குள்ள கேட்டாத்தான் அவனே கவனிப்பான். அதுக்கப்பறம் கேமைச் செஞ்சவன்கிட்டப் போய்க் கேளுன்னு கையைக் காட்டிடுவான்.

போன்னு சொன்னதும் முகம் மாறுது பாரு. இரு, அதைத்தான் தொறக்கப்போறோம். பிளே ஸ்டோர்ல உன்ற படத்தை அமுக்கு. 'பேமெண்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்', அதுக்குள்ள 'பட்ஜெட் அண்ட் ஹிஸ்டரி'. ஆப்பிள் வெச்சிருக்கறவன் செட்டிங்ஸ்ல அவன் பேரைத் தொட்டு, 'மீடியா அண்ட் பர்ச்சேசஸ்' வழியாக் கணக்குக்குள்ள போயி 'பர்ச்சேஸ் ஹிஸ்டரி'யைப் பாக்கோணும். கூகுள்காரன் மாசம் இவ்வளவுதான்னு ஒரு வரம்பு வெச்சுக்கக்கூட வசதி பண்ணியிருக்கறான். நெம்ப நல்லவன். வரம்பைத் தாண்டினாத் தடுக்கமாட்டான், தாண்டிட்டேன்னு சொல்லுவான். உங்கம்மாவும் அதைத்தான் சொல்றா, அவ சொன்னா மட்டும் உனக்குக் கோவம் வருது.

அந்த ஹிஸ்டரியில என்ன எழுதியிருக்குது, படி. '60 யூசி', '325 யூசி', '660 யூசி'. இது என்ன சாமானம்? துப்பாக்கியா, அங்கராக்கா, தொப்பியா? ஒண்ணும் தெரியாது. யூசிங்கறது பப்ஜி கேம்காரன் அச்சடிச்ச காசு. ரூவாயைக் குடுத்து யூசி வாங்கறே, யூசியைக் குடுத்து உடுப்பு வாங்கறே. ரூவாக் கணக்கு கூகுள்காரன்கிட்ட, யூசிக் கணக்கு கேம்காரன்கிட்ட. ரெண்டும் ஒரே பக்கத்துல சந்திக்காது. அந்தியூர் குருநாதசாமி கோயில் ஆடித் தேர் நோம்பிக்குக் கூடற மாட்டுச் சந்தையில, தரகன் துண்டைப் போத்தி உள்ள வெரலைப் புடிச்சு வெலை பேசுவான் பாரு, வெளியில நிக்கறவனுக்கு என்ன வெலைன்னே தெரியாது. இங்கயும் அந்தத் துண்டுதான். என்ன ஒரு வித்தியாசம்னா, அங்க மாட்டை வாங்கறவனுக்காச்சும் வெலை தெரியும்.

அதனால அப்புனு, ஒரு ரூவாய்க்கு எத்தனை யூசின்னு நீயே வகுத்து வெச்சுக்கோ. அந்த மினுமினுச் சட்டைக்கு 1,200 யூசின்னா என்ன ரூவாய்னு மாத்திச் சொல்லிப் பாரு. நோம்பிக்கு அந்த வெலையில நெசச் சட்டை எடுத்துக் குடுத்தா "எதுக்கு அப்பிச்சி இவ்வளவு காசு"ம்பே.

சந்தைன்னு சொன்னேனே, அதுல இன்னொண்ணு ஞாபகம் வருது. அந்தியூர்ல குதிரைச் சந்தையும் நடக்குது, பல்லைப் புடிச்சுப் பாத்து, சுழி பாத்து, ஓட விட்டுப் பாத்துத்தான் வாங்குவாங்க. 2006-ல பெதஸ்தாங்கற அமெரிக்கக் கம்பெனி, ஒப்ளிவியன்ங்கற அவங்க கேமுக்குள்ள ஓடற குதிரைக்குக் கவசம் போட்டு வித்தான். வெலை இரண்டரை டாலர். இல்லாத குதிரைக்குக் கவசமான்னு ஊரே சிரிச்சுது. சிரிச்சுப்போட்டு வாங்குச்சு. அன்னிக்குப் புடிச்ச வழிதான், இன்னிக்குத் துப்பாக்கிக்குப் பெயிண்டு அடிச்சு விக்கறான். நீ சிரிக்கறதுக்கு முன்னால உன்ற கணக்குல எத்தனை பெயிண்டு இருக்குதுன்னு எண்ணிக்கோ.

வாங்கினதெல்லாம் உன்னுதுன்னு வேற நெனைச்சுட்டிருக்கறே. 2020 செப்டம்பர்ல பப்ஜி மொபைலைத் தடை பண்ணினப்ப நீ ரெண்டு வேளை சோறு திங்கலை. 2021-ல பிஜிஎம்ஐன்னு வேற பேர்ல வந்துது, திரும்பவும் கொட்டினே. 2022 ஜூலையில அதையும் கடையில இருந்து எடுத்துப்போட்டாங்க. 2023 மே மாசம் மறுக்கா வந்துது. இந்தத் தடை, வரவு, தடை, வரவுல உன்ற கணக்குப் புத்தகம் மட்டும் ஒரு நாளும் தூங்கலை, தேதியைப் பாத்தாத் தெரியும். ஸ்டீம்காரன் 2024-ல இருந்து காசு கட்டற எடத்துலயே எழுதிப்போட்டான்: நீ வாங்கறது அந்தக் கேமுக்கு உரிமம்தான்னு. கலிஃபோர்னியாவுல அதுக்குன்னு சட்டமே வந்துது. கணக்கை இன்னொருத்தர் பேருக்கு மாத்தவும் ஒப்பந்தத்துல எடமில்லை. நான் போறப்ப உனக்கு அந்த மேக்காலத் தோட்டத்தை எழுதி வெச்சுப்போட்டுப் போவேன். நீ உன்ற பேரனுக்கு அந்தக் குதிரைக் கவசத்தைக்கூட எழுதி வெக்க முடியாது.

கணக்கைப் பாக்கறப்ப "இதை நான் வாங்கவே இல்லையே"ன்னு சில வரி கண்ணுல படும். நெசமாவே வாங்காததும் இருக்கலாம். ஃபோர்ட்நைட் கேமை நடத்தற எபிக் கம்பெனி மேல அமெரிக்காவுல எஃப்டிசிங்கற வணிக ஆணையம் பிராது போட்டுது. தூங்கிட்டிருக்கற கேமை எழுப்பலாம்னு பொத்தானை அமுக்கினாலே காசு போற மாதிரி வெச்சிருந்தாங்கன்னு குத்தச்சாட்டு. 2022 டிசம்பர்ல, விளையாண்டவங்களுக்குத் திருப்பித் தரச் சொல்லி 24.5 கோடி டாலரை அந்தக் கம்பெனி ஒத்துக்க வேண்டியதாப் போச்சு. அதுக்கும் முன்னால 2014-ல, பாஸ்வேர்டை ஒருக்காப் போட்டா 15 நிமிசத்துக்குக் கொழந்தைங்க எதை வேணா வாங்கலாம்னு விட்டதுக்கு ஆப்பிள் 3.25 கோடி டாலருக்குக் கொறையாமத் திருப்பிக் குடுக்க ஒத்துக்கிச்சு. அதனால, நீ வாங்காதது இருந்தா நேரா பேங்குக்காரன்கிட்ட ஓடாத. மொதல்ல கடைக்காரன்கிட்டக் கேளு. பேங்கு வழியாச் சண்டை போட்டவங்க கணக்கையே எபிக் பூட்டிப்போட்டாங்கன்னும் அந்த ஆணையம் சொன்னதுல ஒரு குத்தம். ஆனா அப்புனு, ராத்திரி ரெண்டு மணிக்கு உன்ற போன்ல உன்ற வெரல் ரேகை வெச்சு வாங்கினதை "நான் இல்லை"ன்னு சொன்னா, ஆப்பிள் நம்பினாலும் நான் நம்பமாட்டேன்.

மாசாமாசம் தானா எடுக்கறது வேற இருக்குது. 2021 அக்டோபர்ல இருந்து ரிசர்வ் பேங்கு சொல்படி, காசு எடுக்கறதுக்கு 24 மணி நேரம் முன்னால உனக்குச் சேதி அனுப்பிச்சாகோணும். அனுப்பறாங்க. நீதான் கேம் வந்து மறைக்குதுன்னு மேல தள்ளி உட்டுடறே. யூபிஐ ஆப்புல 'ஆட்டோபே'ன்னு இருக்கறதைத் தொறந்து, விளையாடாததையெல்லாம் நிறுத்து. இதுக்கெல்லாம் பெரிய வெவரம் வேண்டாம்.

ஆங், ஒண்ணு மறந்துபோட்டேன். இத்தனையும் பாக்கச் சோம்பலா இருந்தா, சுருக்கு வழியும் ஒண்ணு இருக்குது. நீ எதை வாங்கினாலும் ஒடனே ஒரு ரசீது ஈமெயில்ல போயிடும். கடைப் பேரைப் போட்டுத் தேடினா வரிசையா வந்து நிக்கும், மொத வருசத்துல இருந்து. பிரச்சனை என்னன்னா, நீ ஆறாம் வகுப்புல அந்தக் கணக்கைத் தொறந்தப்ப உனக்குன்னு ஈமெயில் இல்லை. ஆரோட ஈமெயிலைக் குடுத்தேன்னு ஞாபகம் இருக்குதா?

உங்கம்மாளுது.

பதறாத. அவளுக்கு அது எல்லாம் விளம்பரத்தோட விளம்பரமாப் போய் விழுகுது, தொறந்தே பாக்கலை. எனக்கு எப்படித் தெரியும்னு கேக்காத, போன வாரம் மின்சார பில்லைத் தேடித் தரச்சொல்லி அவதான் போனை எங்கிட்டக் குடுத்தா. மின்சார பில்லும் கெடைச்சுது. நான் இன்னும் வாயைத் தொறக்கலை.

கடை வரைக்கும் போறயா? ஒரு கட்டு வெத்தலை, நாலு கொட்டைப்பாக்கு, சுண்ணாம்பு கொஞ்சம். ரசீது வேண்டாம் கண்ணு.