கல்லெறிந்தவர்களுக்கும் ஒரு விருது

மலையாள சினிமாவின் முதல் விமர்சனம் கல்லால் எழுதப்பட்டது. இடம் திருவனந்தபுரம், கேப்பிட்டல் தியேட்டர். படம் ‘விகதகுமாரன்’. தேதி விஷயத்தில் ஆராய்ச்சியாளர்கள் இன்னும் அடித்துக்கொள்கிறார்கள்: 1928 என்று ஒரு கட்சி, 1930 என்று மறு கட்சி. கல் விழுந்ததிலும் திரை கிழிந்ததிலும் மட்டும் இரு கட்சிக்கும் கருத்து வேற்றுமை கிடையாது.

அப்படி என்ன குற்றம் கண்டார்கள்? கதாநாயகன், நாயகியின் தலையில் இருந்த பூவை எடுத்து முத்தமிடுகிறான். முத்தம் பூவுக்குத்தான். ஆனால் நாயர் வீட்டுப் பெண்ணாக நடித்த பி. கே. ரோசி, புலையர் குடியில் பிறந்தவர். காக்காரிசி நாடகத்தில் ஆடிப் பழகியவர். திரையில் இருப்பது நடிப்பு என்று தெரியாத அப்பாவிகளா அந்த ரசிகர்கள்? நன்றாகத் தெரியும். நடிப்பே பொறுக்கவில்லை, அவ்வளவுதான். முதல் காட்சியில் ரோசி உள்ளே உட்கார்ந்தால் நாங்கள் வரமாட்டோம் என்று பெரிய மனிதர்கள் சொன்னதாகவும் பேச்சு உண்டு. அவர் முகத்தைக் காசு கொடுத்துப் பார்க்கலாமாம். பக்கத்து நாற்காலியில் பார்த்தால் தீட்டாம்.

நாஞ்சில் நாட்டுக்காரனுக்கு இதில் அதிசயம் ஒன்றுமில்லை. தோள்சீலைக் கலகம் நடந்த மண் இது. 1859இல் திருவிதாங்கூர் மகாராஜா பெரிய மனசு பண்ணி ஓர் அறிவிப்பு விட்டார்: நாடார் பெண்கள் மார்பை மூடிக்கொள்ளலாம், ஆனால் மேல்சாதிப் பெண்கள் உடுத்துகிற மாதிரி மட்டும் உடுத்தக்கூடாது. அந்த ‘ஆனால்’ இருக்கிறதே, அதற்குத்தான் எழுபது வருஷம் கழித்துத் தியேட்டரில் கல் விழுந்தது. படத்தை எடுத்து, கதாநாயகனாகவும் நடித்த ஜே. சி. டேனியல் நம்ம அகஸ்தீஸ்வரத்து நாடார். சொத்தை விற்றுப் படம் எடுத்தார். சொத்தும் போயிற்று, படமும் போயிற்று.

ரோசியின் குடிசையைக் கொளுத்தினார்கள். அவர் கையில் அகப்பட்ட லாரியில் ஏறி ஊரைத் தாண்டினார் என்பார்கள். பிறகு ஒரு லாரி டிரைவரைக் கட்டிக்கொண்டு, நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பெயரில் குடித்தனம் நடத்தினார். மாப்பிள்ளை மேல்சாதிக்காரர். கவனியுங்கள்: திரையில் சில நிமிஷம் மேல்சாதிப் பெண்ணாக வந்ததற்குக் கல், வீட்டில் ஆயுசு முழுக்க அதே வேஷத்தில் இருந்ததற்கு ஒரு சிறு கூழாங்கல்கூட விழவில்லை. என்ன நடிப்பு மக்களே! கேமரா இல்லை, ‘கட்’ சொல்ல ஆள் இல்லை, சம்பளம் இல்லை. அன்றாடம் தண்ணீர்க் குடத்தோடு தெருவில் போய் வர வேண்டும். ஒரு சொல் பிசகக்கூடாது.

எண்பதுகளில் எங்கள் ஊர் மாடிகளில் டிவி ஆன்டெனாக்கள் திருவனந்தபுரத்தைப் பார்த்துத்தான் நிற்கும். தூர்தர்ஷனில் மலையாளப் படம் ஓடினால் தெருவே ஒரு வீட்டில் கூடும். அந்தக் கூட்டத்தில் ஓர் ஓரமாக மலையாளத்தின் முதல் கதாநாயகி உட்கார்ந்திருந்தாலும், “கொஞ்சம் தள்ளி இரி ஆச்சி, மறைக்கி” என்றுதான் சொல்லியிருப்போம்.

டேனியல் கதை வேறு தினுசு. ரோசி ஊரைத் தாண்டினார்; டேனியலையோ எல்லை வந்து தாண்டியது. 1956 நவம்பர் 1ஆம் தேதி அகஸ்தீஸ்வரம் இருந்த இடத்திலேயே இருந்துகொண்டு மாநிலம் மாறிற்று. நலிந்த கலைஞருக்கான உதவித்தொகையைக் கேரளத்திடம் கேட்டார். நீர் தமிழ்நாட்டுக்காரர், அங்கே போய்க் கேளும் என்றார்கள். அவர் எடுத்ததோ ஊமைப்படம். ஊமைக்கு எந்த மாநிலத்தில் ரேஷன் கார்டு என்று கேட்கிற அளவுக்கு அதிகாரிகள் மேதைகளாக இருந்தார்கள். 1975இல் அகஸ்தீஸ்வரத்திலேயே இறந்தார். 1992இல் கேரள அரசு சினிமாவுக்கான தன் உச்ச விருதுக்கு அவர் பெயரை வைத்தது. பென்ஷன் வாங்கத் தகுதியில்லாத பெயர் விருதுக்குப் பொருத்தமாக இருந்தது. மறு வருஷமே அதைப் பெற்றவர் திக்குறிச்சி சுகுமாரன் நாயர். பெரிய நடிகர், குறை சொல்ல முடியாது. ஆனால் திக்குறிச்சியும் குமரி மாவட்டம்தான் ஐயா! அவர் வாழ்ந்தது திருவனந்தபுரத்தில், அதுதான் காரணம் என்பீர்கள். இருக்கலாம். பெயரின் வாலையும் ஒருமுறை பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்.

இன்றைக்கும் களியக்காவிளையில் எல்லை எல்லாவற்றுக்கும் எல்லையல்ல. குமரி மலைகளை உடைத்த கல் டாரஸ் லாரியில் தாராளமாக அந்தப்பக்கம் போகிறது. அதற்கு எந்த ஊர்க்காரன் என்ற கேள்வியே கிடையாது.

இப்போது ரோசிக்கு நல்ல காலம். 2013இல் இந்தக் கதையைச் சொல்லும் ‘செல்லுலாய்ட்’ படம் வந்து பரிசுகளை அள்ளியது. 2023 பிப்ரவரி 10 அன்று கூகுள் தன் முகப்பில் அவரை வரைந்து பிறந்தநாள் கொண்டாடியது. அவர் பெயரில் திரைப்படச் சங்கம் உண்டு, விழாவும் உண்டு. ஒடுக்கப்பட்டவர்களும் பெண்களும் தாங்களே முன்வந்து நடத்துபவை, அவர்களை நான் சொல்லவில்லை. மாலையோடு ஓடி வருகிற மற்றவர்களைத்தான் சொல்கிறேன். கல்லெறிந்தவர்களை ‘ஒரு கூட்டம்’ என்று ஒரே சொல்லில் கழித்துவிடுகிறார்கள். கூட்டத்துக்கா கை முளைத்தது? ஒவ்வொருவனுக்கும் வீட்டுப் பெயர் இருந்திருக்கும், தறவாடு இருந்திருக்கும், சாயங்காலம் நாமஜெபமும் இருந்திருக்கும். சிறந்த குறிபார்ப்புக்காக அவர்கள் பெயரிலும் ஒரு விருது வைக்கலாம். வாங்குவதற்கு இன்றும் ஆளுக்குப் பஞ்சமில்லை.

நாகர்கோவில் மணிமேடை சந்திப்பில் கலைவாணருக்குச் சிலை இருக்கிறது. ரோசிக்கும் ஒன்று வைக்கலாமே என்று கலெக்டர் ஆபீசில் மனுக் கொடுத்துப் பாருங்கள். முகம் ஒரு சிக்கல் இல்லை. நாட்டில் பாதிச் சிலைகளுக்கும் அந்தந்தத் தலைவர்களின் முகத்துக்கும் சம்பந்தம் கிடையாது. சிக்கல் உடையில். படத்தில் வந்த நாயர் வீட்டுப் பெண்ணாக முண்டும் நேரியதுமாக நிறுத்தினால் ஒரு சங்கம் மறியலுக்கு வரும். நடிக்க வரும் முன் புல் அறுத்த கோலத்தில் நிறுத்தினால் ஊர்ப் பெருமை கெட்டது என்று இன்னொன்று வரும். ராஜம்மாளாகச் சேலையில் நிறுத்தினால், எங்கள் தெருவில் அப்படி ஒருத்தி இருந்ததே இல்லை என்று கையெழுத்து வாங்கிக்கொண்டு வருவார்கள். அமைதிப் பேச்சுவார்த்தை நடக்கும், டீ வரும், வடை வரும். சிலையைச் சுற்றி இரும்புக் கூண்டு போடுவது என்று மட்டும் ஒருமனதாகத் தீர்மானமாகும். அடிதடி நடந்தால் அந்தக் கூண்டுக்கான டெண்டரில்தான் நடக்கும்.