கடிதக் கட்டுக்கு ஒரு நியமனம்

அமெரிக்க இராணுவத்தில் ஒரு பிரிவுக்கு வரும் கடிதக் கட்டைத் தூக்கிவரவும் ஆளை முறைப்படி நியமிக்க வேண்டும். அதற்கென்றே படிவம் உண்டு, இலக்கம் 285. பெயர், பதவிநிலை, அதிகாரியின் கையொப்பம் எல்லாம் வேண்டும். கிராம சேவகரின் கையொப்பம் மட்டும் கேட்பதில்லை; அந்தளவில் எங்களைவிடப் பின்தங்கியவர்கள்தான்.

இந்தக் கடதாசிப் பழக்கம் இரண்டாம் உலகப் போரில் இலங்கைக்கும் வந்தது. 1944இல் நேச நாடுகளின் தளபதி மவுண்ட்பேட்டன் தென்கிழக்காசியக் கட்டளைத் தலைமையகத்தைப் பேராதனைப் பூந்தோட்டத்துக்குக் கொண்டுவந்தார். யப்பானியர் இருந்தது பர்மாவில்; கண்டியில் பெருகியது கடதாசி. அமெரிக்க உளவுப் பிரிவின் இரகசியக் கடதாசிகளைப் பதிந்து, பிரித்து, பூட்டிவைத்தவர் ஜூலியா மக்வில்லியம்ஸ், ஆறடி தாண்டிய பெண். கேட்ட அறிக்கை வராவிட்டால் வாஷிங்டனுக்குப் போகும் அடுத்த தபால் பையில் சொறிப்பொடியையும் நோய்க்கிருமிகளையும் நிரப்பி அனுப்புவேன் என்று வெருட்டினாராம். நினைவூட்டல் கடிதத்துக்கே நினைவூட்டல் அனுப்பும் நம் கந்தோர்கள் கவனிக்க.

இலங்கையில் சந்தித்த போல் சைல்டை 1946இல் மணந்து, ஜூலியா சைல்டாகி, 1961இல் வந்த பிரெஞ்சுச் சமையல் நூலால் உலகப் புகழ் பெற்றார். கோப்புகளை விட்டுவிட்டுச் சட்டியைப் பிடித்ததில் என்ன ஆச்சரியம்? கோழி வேக மேலதிகாரி ஒப்பமிடத் தேவையில்லையே.