கன்சாஸில் என் பருப்பு வேகவில்லை

ஜூலை 4 அன்று எங்கள் தெருவில் ஊர்ச்சாப்பாடு. ஆளுக்கொரு பாத்திரம் கொண்டுவந்து நடுத்தெருவில் மேசை போட்டு வைத்துவிட்டால் அமெரிக்காவின் சுதந்திரம் கொண்டாடியாயிற்று. யார் எதைக் கொண்டுவருவது என்று குழப்பம் வராமலிருக்க இரண்டு வாரம் முன்பே ஒரு தாள் வீடு வீடாகச் சுற்றும். எங்கள் வீடு தெருக்கோடி. தாள் என் கைக்கு வந்தபோது உருளைக்கிழங்கு சாலட், கோல்ஸ்லா, தர்பூசணி, பேப்பர் தட்டு எல்லாவற்றுக்கும் நேரே பெயர் விழுந்திருந்தது. ஐஸ்கட்டிகூட மிச்சமில்லை. காலியாக இருந்தது ஒரே ஒரு வரி: 'பார்பெக்யூ பேக்டு பீன்ஸ், கறி போட்டது.'

பீன்ஸ்தானே என்று எழுதிக் கொடுத்துவிட்டேன்.

மறுநாள் மனைவி இரண்டு கிலோ பச்சை பீன்ஸ் வாங்கி வந்து, காம்பு கிள்ளி, பொரியலுக்கு நறுக்க உட்கார்ந்துவிட்டாள். "இந்த பீன்ஸ் இல்லை, காய்ந்த வெள்ளைப் பயறு" என்றேன். "அப்ப பயறுன்னு சொல்லணும். பீன்ஸுன்னா இதுதான்" என்றாள். தாவரவியல் அவள் பக்கம்தான். பொரியல் பீன்ஸ், ராஜ்மா, நான் தேடிய வெள்ளை நேவி பீன்ஸ் மூன்றும் ஒரே இனம். அமெரிக்க மண்ணில் பிறந்து உலகம் சுற்றியவை. கப்பற்படைக்காரர்களுக்குத் தினமும் இதையே போட்டதால் கடைசி ஆளுக்கு நேவி என்று பெயர். அன்று முதல் ஒரு வாரம் எங்கள் வீட்டில் பீன்ஸ் பொரியல்.

லண்டனில் இருக்கும் மச்சானிடம் யோசனை கேட்டேன். "டப்பாவைத் திறங்க மாப்ள, டோஸ்ட் மேல கவிழுங்க, முடிஞ்சது" என்றான். அங்கே 1886-இல் ஃபோர்ட்னம் அண்ட் மேசன் என்ற சீமான்கள் கடையில் அமெரிக்கச் சரக்காக வந்து இறங்கிய பண்டம், இன்று பல் விளக்கியதும் தின்பதாகிவிட்டது. அதில் கறியும் கிடையாது. மச்சானை நம்பிப் பயனில்லை.

நாங்கள் இருப்பது கன்சாஸ் சிட்டியை ஒட்டிய ஓவர்லேண்ட் பார்க்கில். சமையலில் கற்றுக்குட்டியாக இருக்கலாம். ஆனால் கன்சாஸ் சிட்டியில் பார்பெக்யூ விஷயத்தில் கற்றுக்குட்டியாக இருக்கக் கூடாது. திருவையாற்றில் போய் சரளி வரிசை பாடிக் காட்டுவது மாதிரி. ஹென்றி பெர்ரி என்ற கறுப்பினத்தவர் நூறு வருஷத்துக்கு முன்பு, தையல் தொழிற்சாலைகள் இருந்த பகுதியின் ஒரு சந்தில், புகையில் வெந்த கறியைச் செய்தித்தாளில் மடித்துத் தொழிலாளிகளுக்கு விற்றார். இந்த ஊர் பார்பெக்யூ அங்கே தொடங்கியது. அவருக்குப் பின் கடை பிரையண்ட் சகோதரர்கள் கைக்கு வந்தது. அவர்களில் ஆர்தர் பிரையண்டின் கடையைத்தான் உலகத்திலேயே சிறந்த உணவகம் என்று 1972-இல் எழுத்தாளர் கால்வின் டிரில்லின் எழுதினார். உலகம் பூராவும் சாப்பிட்டுப் பார்த்துச் சொன்னாரா என்று இங்கே யாரும் கேட்பதில்லை. கேட்டால் தெருவில் இருக்க முடியாது.

டிரில்லின் உருகிய இன்னொரு சங்கதி, அந்தக் கடையில் கறி வெட்டும்போது உதிர்ந்த காந்தல் துண்டுகள். ஓரத்தில் கருகிய அந்தத் துண்டுகளை வரிசையில் நிற்பவர்கள் சும்மா எடுத்து வாயில் போட்டுக்கொள்ளலாமாம். இன்று அதற்குப் 'பர்ன்ட் எண்ட்ஸ்' என்று பெயர் வைத்து, நல்ல கறியைவிட அதிக விலைக்கு விற்கிறார்கள். எனக்கு இது உடனே புரிந்தது. நெய் உருக்கின சட்டியின் அடியில் ஒட்டிய காந்தலில் சோற்றைப் போட்டுப் பிசைந்து தருவதற்கு, எங்கள் வீட்டில் நாலு பிள்ளைகளும் சண்டை போட்டிருக்கிறோம். அதற்கு ஓர் ஆங்கிலப் பெயர் வைக்க எங்களுக்குத் தோன்றாமல் போயிற்று.

பீன்ஸில் போட வேண்டிய கறி இந்தக் காந்தல்தான் என்று பக்கத்து வீட்டுப் பெரியவர் தீர்ப்புச் சொல்லிவிட்டார். ரயில்வேயில் இருந்து ஓய்வு பெற்றவர். வீட்டுக்குப் பின்னால் இரும்பில் ஒரு புகையடுப்பு வைத்திருக்கிறார், பழைய நிலக்கரி என்ஜின் சாயலில். அதில் மாட்டின் நெஞ்சுக்கறியை, அதாவது பிரிஸ்கெட்டை, முழுசாக வைத்து ஹிக்கரி விறகுப் புகையில் 225 டிகிரி ஃபாரன்ஹீட்டில் ராத்திரி முழுக்க வேகவிடுவார். நம் கணக்கில் 107 டிகிரி. தண்ணீர் கொதிப்பதற்குக் கொஞ்சம் மேலே, அவ்வளவுதான். பன்னிரண்டு மணி நேரமானாலும் அவசரப்பட மாட்டார். பிரசவ வார்டு வாசலில் நிற்கிற தகப்பன் மாதிரி நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். வெந்தபின் கொழுப்பு மிகுந்த மேல்துண்டைத் தனியாக அறுத்து, சதுரம் சதுரமாக நறுக்கி, மறுபடி புகைக்குள் அனுப்புவார். "கறி என் பொறுப்பு. பீன்ஸ் உன் பொறுப்பு" என்றார். ஏதோ எல்லைப் பாதுகாப்பை ஒப்படைப்பது போல இருந்தது.

சாமான் பட்டியலில் முதலில் மொலாசஸ். நம்மூரில் அந்தப் பெயரைக் கேட்டால் சர்க்கரை ஆலை வாசலில் அடிக்கும் வாடையும் சாராய ஆலைக்குப் போகும் டேங்கர் லாரியும்தான் நினைவுக்கு வரும். இங்கே அதைப் பாட்டிலில் அடைத்து, தேன் பக்கத்தில் அடுக்கி வைத்திருக்கிறார்கள். பீன்ஸில் இதை ஊற்றும் பழக்கம் பாஸ்டன்காரர்களுடையது. பாஸ்டனுக்கே பீன்ஸ் ஊர் என்று பட்டப்பெயர். அங்கே குடியேறிய பியூரிட்டன்களுக்கு ஓய்வுநாளில் அடுப்பு மூட்டக் கூடாது. சனிக்கிழமையே பானையை அடுப்பில் புதைத்துவிட்டால் ஞாயிற்றுக்கிழமையும் ஓடிவிடும். ரம் காய்ச்சக் கரீபியத் தீவுகளிலிருந்து கப்பல் கப்பலாக வந்த பாகில் கொஞ்சம் பானைக்கும் போனது. அந்தத் தீவுகளில் கரும்பு வெட்டியவர்கள் அடிமைகள். அதையும் சொல்லாமல் இந்த இனிப்பைப் பற்றிப் பேசினால் தொண்டையில் நிற்கும்.

மந்தமான ஆளை இந்த நாட்டில் 'ஜனவரி மாத மொலாசஸ்' என்பார்கள். 1919-ஆம் வருஷம் அதே ஜனவரியில், 15-ஆம் தேதி, பாஸ்டனில் ஒரு ராட்சதத் தொட்டி வெடித்து, மொலாசஸ் தெருவில் அலையாகப் பாய்ந்து 21 பேரைக் கொன்றிருக்கிறது. என் பாட்டிலோ ஜூலை வெயிலில் தலைகீழாகப் பத்து நிமிஷம் நின்றும் இரண்டு கரண்டிக்கு மேல் இறங்கவில்லை.

மூன்றாம் தேதி ராத்திரி இரண்டு பவுண்டு பயறை ஊறவைத்தேன். நாலாம் தேதி காலை ஆறு மணிக்கு எழுந்தேன். செய்முறையில், பயறைத் தனியாக மெத்தென்று வேகவைத்துவிட்டுப் பிறகு சாஸில் சேர்க்கவும் என்று தெளிவாகத்தான் போட்டிருந்தது. ஆனால் எனக்கு அறிவு வேலை செய்தது. எப்படியும் ஆறு மணி நேரம் ஓவனில் கிடக்கப் போகிறது. அதற்கு முன்னால் எதற்கு ஒரு வேக்காடு? ஊறிய பயறை அப்படியே தட்டில் கொட்டி, வதக்கிய வெங்காயம், குடைமிளகாய், பூண்டு, தக்காளிக் கெட்சப், பழுப்புச் சர்க்கரை, கடுகு விழுது, வினிகர், மொலாசஸ், வூஸ்டர் சாஸ் எல்லாம் கலந்து உள்ளே தள்ளினேன். இந்த வூஸ்டர் சாஸின் பெயரில் எழுதுகிற எழுத்தில் பாதியை உச்சரிக்கக் கூடாது. கடைக்காரப் பையனிடம் மூன்று விதமாகச் சொல்லிப் பார்த்து, கடைசியில் விரலால் காட்டி வாங்கினேன்.

நண்பகல் பன்னிரண்டு மணிக்குத் திறந்து பார்த்தால் வாசனை தூக்கியது. நிறமும் பிரமாதம். ஒரு பயறை எடுத்துக் கடித்தேன். கடைவாய்ப் பல்லில் பாரம் இறங்கியதே தவிர பயறில் ஒன்றும் இறங்கவில்லை. இன்னும் ஒரு மணி நேரம் வைக்கலாமா, சூட்டைக் கூட்டலாமா என்று தட்டைச் சுற்றிச் சுற்றி வந்தேன். ஐந்து மணிக்கு விருந்து.

கோவில்பட்டியில் ராத்திரி பத்தரை. அம்மா சீரியல் முடித்துப் படுக்கப் போகும் நேரம். வீடியோவில் தட்டைக் காட்டினேன்.

"ஏய்யா, புளியை முன்னாடியே ஊத்திட்டியா?"

"புளியே போடலம்மா. இது அமெரிக்கச் சமையல்."

"புளி போடாமயா இப்படி நெத்து மாதிரி கெடக்கு? நல்லா பாரு."

பார்த்தேன். தக்காளி, வினிகர், மொலாசஸ் மூன்றும் புளிப்பு. புளிப்பில் பயறின் உள்ளே இருக்கும் பசை கரையாது. மொலாசஸில் இருக்கும் சுண்ணாம்புச்சத்து அதை இன்னும் இறுக்கிக் கட்டிவிடும். வெந்த பயறை ராத்திரி முழுக்க அடுப்பில் வைத்தாலும் குழையாமல் காப்பாற்றுவது இந்தக் கட்டுதான். வேகாத பயறில் போட்டால் அதே கட்டு சிறை. இதெல்லாம் எனக்குத் தெரியாததா? பருப்பு வெந்த பிறகுதான் புளி என்று பத்து வயதிலிருந்து கேட்டு வளர்ந்தவன். கெட்சப் பாட்டில் என்பதால் மறந்துவிட்டது.

அத்தோடு விட்டிருந்தால் கொஞ்சம் மானம் மிஞ்சியிருக்கும். மனைவி வூஸ்டர் சாஸ் பாட்டிலைத் திருப்பி, சேர்மானப் பட்டியலை அம்மாவுக்குக் கேட்கும்படி சத்தமாகப் படித்தாள். வினிகர், மொலாசஸ், நெத்திலி வகை மீன், அப்புறம் புளிச்சாறு. இங்கிலாந்தில் 1837-லிருந்து விற்கிற சாஸ். உள்ளே நம்ம புளி.

"நான்தான் சொன்னேன்ல" என்றார் அம்மா. ஒன்பதாயிரம் மைலுக்கு அப்பாலிருந்து வாசனை பிடித்த மூக்கு.

வைத்தியமும் அவரே சொன்னார். சாஸை வடித்துத் தனியே வைத்தேன். பயறைக் கழுவி, ஒரு சிட்டிகை சோடா உப்பு போட்டுக் குக்கரில் ஏற்றினேன். எட்டு விசில். மூன்றாவது விசிலுக்குப் பெரியவர் வேலியைத் தாண்டி ஓடி வந்துவிட்டார். முப்பது வருஷம் ரயில்வேயில் இருந்தவர். ஆவிச் சத்தம் கேட்டால் கால் நிற்காது போலிருக்கிறது. குக்கரைச் சுற்றி வந்து பார்த்தார். நடந்ததைச் சொன்னேன். சற்று யோசித்துவிட்டு, "நீ ஏன் டப்பா பீன்ஸ் வாங்கவில்லை? நாங்கள் எல்லோரும் டப்பாதானே" என்றார்.

விசில் அடங்கித் திறந்தால் பயறு வெண்ணெய். சாஸோடு மறுபடி சேர்த்தேன். அவர் பார்க்காத நேரத்தில் கொஞ்சம் பெருங்காயமும் போட்டேன். 1974-இல் வந்த 'பிளேசிங் சாடில்ஸ்' படத்தில் கௌபாய்கள் நெருப்பைச் சுற்றி உட்கார்ந்து பீன்ஸ் தின்கிற காட்சி ஒன்று உண்டு. அதில் வசனத்துக்கு வேலை குறைவு, ஒலிப்பதிவாளருக்குத்தான் வேலை. எங்கள் தெருவுக்கு அந்த நிலை வரக் கூடாது என்ற நல்லெண்ணம்தான்.

இரண்டு மணிக்குத் தட்டைத் தூக்கிக்கொண்டு போய்ப் புகையடுப்பின் கீழ்த்தளத்தில் வைத்தோம். மேல்தளத்தில் காந்தல் துண்டுகள். கொழுப்பு உருகிச் சொட்டுச் சொட்டாகப் பீன்ஸில் விழுந்தது. புகை அதன்மேல் பாய் விரித்தது. இரண்டரை மணி நேரம் இருவரும் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தோம். அவர் ஒரு வார்த்தை பேசவில்லை, நானும் பேசவில்லை. அந்த நாளிலேயே நல்ல பகுதி அதுதான். நாலரைக்குத் துண்டுகளை பீன்ஸில் புரட்டிப் போட்டபோது, மேலே பளபளவென்று கருஞ்சிவப்பாக ஏடு கட்டியிருந்தது. அந்த ஏட்டுக்காக விருந்தில் இரண்டு பெரிய மனிதர்கள் கரண்டியோடு மோதிக்கொண்டதைக் கண்ணால் பார்த்தேன். பெரியவர் மூன்றாம் முறை வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, "என்னவோ ஒன்று போட்டிருக்கிறாய், சொல்ல மாட்டேன் என்கிறாய்" என்றார். வூஸ்டர் சாஸ் என்றேன். பாதி உண்மை.

மறுநாள் காலை அம்மா கூப்பிட்டார்.

"வெந்துச்சாய்யா?"

"வெண்ணெய் மாதிரி வெந்துச்சும்மா. தட்டு காலி."

"பெருங்காயம் போட்டியா?"

"போட்டேன்."

"நல்லது. ஆமா, கறி போட்டதுன்னு சொன்னியே, அது என்ன கறிய்யா?"

கன்சாஸில் அன்று சிக்னல் சரியில்லை.